மழையில் பால் வெட்டிய மெஷின்

எனக்கு வயது எழுபத்து மூன்று. பெற்றது ஆறு, வளர்த்து ஆளாக்கியது ஐந்து. படித்தது தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் மூன்றாம் வகுப்பு வரை. அதனால் என்ன, யாராவது வாசித்துக் காட்டினால் எந்தக் கதையிலும் ஓட்டை எங்கே இருக்கிறது என்று சொல்லிவிடுவேன். இதைப் பெருமைக்காகச் சொல்லவில்லை. சரி, கொஞ்சம் பெருமைக்காகவும்தான்.

போன வாரம் பேத்தி சுதா பள்ளிக்கூட நூலகத்திலிருந்து ஒரு தடித்த புத்தகம் கொண்டுவந்தாள். இலங்கையில் தமிழில் வந்த விஞ்ஞானக் கதைகள், அவற்றை அச்சடித்த பத்திரிகைகள், எல்லாவற்றின் சரித்திரமும் அதில் இருக்கிறதாம். புரட்டிக்கொண்டே வந்தவள், “பாட்டி, அம்மா பேரு போட்டிருக்கு!” என்று கத்தினாள். அவள் அம்மா என்றால் என் மூன்றாவது மகள் ராணி. எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. “வாசி, வாசி” என்றேன். இரண்டே வரி. ரப்பர்த் தோட்டத்தைப் பற்றி ராணி எழுதிய கதை நல்ல கற்பனைதான், ஆனால் விஞ்ஞானப் பிழையால் கெட்டுப்போனது என்று எழுதியிருந்தார்கள்.

அந்தப் பிழை எங்கே பிறந்தது என்று எனக்குத் தெரியும்.

புத்தகத்தை வாங்கி மோந்து பார்த்தேன். புதுத் தாளின் வாசம். ராணியின் கதை வந்த பத்திரிகைக்கு இப்படி வாசம் இருக்காது. மண்ணெண்ணெயும் மையும் கலந்த ஒரு வாடை, தொட்டால் விரலில் கறுப்பு ஒட்டும். இரண்டாயிரமாம் ஆண்டு பிறக்கப் போகிறது, கம்ப்யூட்டரெல்லாம் நின்றுவிடும் என்று ஆட்கள் பயந்து பேசிக்கொண்டிருந்த காலம் அது. கஹவத்தை டவுனில் டியூஷன் சொல்லித்தரும் டியூட்டரி நடத்திய ஒரு தம்பி, விஞ்ஞானக் கதைகளுக்கென்றே அந்தப் பத்திரிகையைத் தொடங்கினார். அவர் பேரையும் எழுதமாட்டேன், பத்திரிகையின் பேரையும் எழுதமாட்டேன். அவர் பிள்ளைகள் இன்னும் அந்தப் பக்கம்தான் இருக்கிறார்கள்.

எங்கள் கைக்கும் அப்போது ஒரு வாடை உண்டு. ரப்பர் மரத்தில் பால் வெட்டிவிட்டு வந்து எவ்வளவு சவர்க்காரம் போட்டுக் கழுவினாலும் போகாத புளித்த வாடை. நான் விரலில் காய்ந்து ஒட்டிய பாலை உரித்துக்கொண்டிருப்பேன், ராணி பக்கத்தில் உட்கார்ந்து வாசிப்பாள். இந்தியாவிலிருந்து வந்த பழைய வாரப் பத்திரிகைகளில் கிடைக்கும் ராக்கெட் கதைகளையும் விடமாட்டாள். எனக்கு அவற்றில் பாதி பிடிக்காது. ஆறு பேர் ஆறு மாதம் பறப்பார்கள், ஒருத்தரும் சட்டி கழுவமாட்டார்கள். பொம்பளை என்று ஒருத்தி இருந்தால் அவளுக்கு அலறுவதுதான் வேலை. வேற்றுக் கிரகத்து ஆள் இறங்கிவந்து அவ்வளவு மரியாதையாகத் தமிழ் பேசுவான். எங்கள் கங்காணி ஒருநாளும் அப்படிப் பேசியதில்லை. “அவங்க ஊர்ல கங்காணியே இல்ல போல” என்பேன். ராணி விழுந்து விழுந்து சிரிப்பாள். “நீங்க சொல்றத அப்படியே எழுதினா அதுதாம்மா விமர்சனம்” என்பாள். விமர்சனம் என்ற சொல்லை நான் கற்றது அப்படித்தான்.

ராணியின் கதையைச் சொல்லிவிடுகிறேன். வரப்போகும் ஒரு காலத்தில் தோட்டத்துக்குப் பால் வெட்டும் மெஷின் வருகிறது. ஆட்களை நிறுத்திவிடுகிறார்கள். மெஷினுக்குக் களைப்பு இல்லை, வெயில் மழை தெரியாது. அடைமழையிலும் வெட்டுகிறது. ஒரு கிழவி மட்டும் போய், “மழையில வெட்டாதீங்க” என்கிறாள். யாரும் கேட்கவில்லை. வாளியில் பாலுக்குப் பதிலாகத் தண்ணீர் நிறைகிறது. மலை முழுவதும் மரங்களின் பட்டை அழுகிப் பால் நின்றுவிடுகிறது. அவ்வளவுதான். அவள் அதை வாசித்துக் காட்டியபோது நானும் ஓட்டை தேடினேன். கிடைக்கவில்லை.

அடுத்த இதழில் விமர்சனம் வந்தது. எழுதியவர் கொழும்பில் இருந்த பெரிய படிப்பாளி. இரும்பால் செய்த மெஷினை மழை என்ன செய்யும், கிழவியின் மூடநம்பிக்கை எப்படி விஞ்ஞானம் ஆகும், இந்தப் பிள்ளை முதலில் விஞ்ஞானம் படிக்கட்டும் என்று எழுதியிருந்தார். மெஷினுக்கு ஒன்றும் ஆகாது ஐயா, மரத்துக்குத்தான் ஆகும்! பட்டை நனைந்திருந்தால், வெட்டிய கோட்டில் பால் இறங்காது. பட்டையெல்லாம் பரவி, நிலத்தில் வெள்ளையாக ஓடிவிடும். ஈரத்தில் வெட்டிய காயம் அழுகும். அதனால்தான் காலையில் மழை பெய்தால் எங்களுக்குப் பால்வெட்டு இல்லை. இது மூடநம்பிக்கையா?

ராணி காற்றைப் போத்தலில் அடைத்து விற்கிற ஓர் ஊரைப் பற்றி இன்னொரு கதை பாதி எழுதி வைத்திருந்தாள். அந்தத் தாள்களைக் கிழித்துவிட்டு, மிச்சக் கொப்பியைத் தன் தம்பிக்குக் கணக்குப் போடக் கொடுத்துவிட்டாள். அவன் அதில் கூட்டல் போடுவதைப் பார்க்கப் பார்க்க எனக்குத் தாங்கவில்லை. நானே பத்திரிகைக்குக் கடிதம் எழுதினேன். மூன்று நாள், மூன்று பக்கம். ஒவ்வொரு எழுத்தையும் வாய்க்குள் சொல்லிச் சொல்லி எழுதி, வீட்டில் யாரிடமும் காட்டாமல் தபாலில் போட்டேன்.

அடுத்த இதழில் என் கடிதம் வந்தது. ராணிதான் வாசித்தாள், முகத்தை ஒரு மாதிரி வைத்துக்கொண்டு. கதை படித்து மகிழ்ந்தேன், பத்திரிகை மேலும் வளர வாழ்த்துகிறேன், இப்படிக்குப் பாக்கியா. மழையையும் காணோம், பட்டையையும் காணோம். மகிழ்ந்தேன் என்ற சொல்லை நான் பிறந்ததிலிருந்து எழுதியதே இல்லை. என் முழுப் பேர் பாக்கியலட்சுமி. தோட்டத்தில் அரை நாள் வேலைக்கு அரைப்பேர் என்று சொல்வோம். பக்கத்துக் காம்பராவில் குடியிருந்த மாரியாயி அக்கா சும்மா விடுவாளா? “என்னா புள்ள, மூணு நாளு வேலைக்கு அரப்பேருதானா போட்டிருக்கான்?”

மழை பெய்து வேலை நின்ற ஒரு காலையில் குடையை எடுத்துக்கொண்டு டவுனுக்குப் பஸ் ஏறினேன். பத்திரிகை அடிக்கிற அச்சகத்தில் அந்தத் தம்பி இருந்தார்.

“தம்பி, நான் எழுதினத ஏன் போடல?”

“போட்டோமேம்மா. எடம் பத்தல, கொஞ்சம் சுருக்கிட்டோம்.”

“சுருக்கினா மழ எங்க போச்சு? நான் வாழ்த்தவே இல்லையே.”

“அவரு பெரிய ஆளும்மா. அவர மறுத்துப் போடுறதுன்னா ஆதாரம் வேணும். ஏதாச்சும் புத்தகத்துல இருக்கா?”

“மரத்துல இருக்கு. வாங்க காட்டுறேன்.”

அச்சு மெஷினைத் துடைத்துக்கொண்டிருந்த சிங்களக்காரர் தலையைத் தூக்கினார். கொஞ்சம் தமிழ் விளங்குபவர், வீட்டில் இரண்டு ஏக்கர் ரப்பர் இருந்ததாம். “எத்த நே அம்மே! வெஸ்ஸட்ட கிரி கப்பன்ன பே” என்றார். உண்மைதானே, மழைக்குப் பால் வெட்ட முடியாதே என்று. தமிழில் ஒரு கதையும் வாசிக்காத மனுஷருக்கு ஒரு நொடியில் விளங்கியது.

தம்பி சிரித்தார். “சரிங்கம்மா, அடுத்த இதழ்ல கட்டாயம் முழுசாப் போடுறேன்.” நானும் நம்பிக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். அடுத்த இதழ் வரவே இல்லை. தாள் விலையோ என்னவோ, பத்திரிகை நின்றுவிட்டது. அந்தப் படிப்பாளி சொன்னதே கடைசிச் சொல்லாகிவிட்டது. அதைப் பார்த்துத்தான் இந்தத் தடித்த புத்தகத்தைச் செய்தவர்களும் எழுதியிருக்கிறார்கள். ஒருத்தர் மரத்தடிக்கு வந்து கேட்கவில்லை.

இனி வந்தாலும் காட்ட ஒன்றும் இல்லை. அச்சகம் இருந்த இடத்தில் போன் விற்கிறார்கள். மாரியாயி அக்கா போய்ச் சேர்ந்துவிட்டாள். எங்கள் மலையில் ரப்பரைப் பிடுங்கிவிட்டு, எண்ணெய் எடுக்கிற முள்ளுத் தேங்காய் வைத்திருக்கிறார்கள். அதன் கீழே புல்லும் சரியாக முளைப்பதில்லை. போதாததற்கு அன்றைக்கே சுதாவும் கேட்கிறாள், “ஆனா பாட்டி, மெஷின்தானே, மழையில வெட்டினா என்னா?” பால் வெட்டிச் சோறு தின்ற வீட்டுப் பிள்ளை கேட்கிற கேள்வி! அப்போதுதான் இதை எழுத உட்கார்ந்தேன்.

வெளியூரில் வேலை செய்கிற ராணி இப்போது லீவுக்கு வந்திருக்கிறாள். புத்தகத்தைக் காட்டினோம். அந்த இரண்டு வரியையும் நின்றபடியே வாசித்துவிட்டு, “விடுங்கம்மா, பழைய கத” என்று அடுப்படிக்குப் போய்விட்டாள். அதற்குப் பிறகு தேங்காய் திருவுகிற சத்தம் மட்டும்தான் கேட்கிறது.

சுதா, இந்தா, எட்டுப் பக்கம். புத்தகம் போட்டவர்களுக்கு அனுப்புமுன் ஒருதரம் வாசித்துக் காட்டு. எழுத்துப் பிழையைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம். இங்கே என் பக்கத்தில் உட்காராதே. அடுப்படி வாசலில் போய் நில், உன் அம்மாவுக்குக் கேட்கும்படி சத்தமாக வாசி.