அருவியைத் திறந்துவிட்ட மெல்கியோர்

மெல்கியோர் என் பக்கத்து வீட்டுக்காரன். எங்கள் மலைப் பள்ளத்தாக்கில் இருபது வருஷமாக அவன் பார்த்த வேலை, அருவியைத் திறந்துவிடுவது. சிரிக்காதீர்கள். கோடையில் எங்கள் அருவி நூலாகத்தான் இறங்கும்; அதைப் பார்க்கவா பெர்லினிலிருந்து வண்டி கட்டிக்கொண்டு வருவார்கள்? உச்சியில் ஓடையை மறித்துப் பலகை போட்டுத் தண்ணீரைத் தேக்குவான். கீழே விடுதிக்காரர் துர்ரர் வெள்ளைத் துணியை ஆட்டியதும் பலகையின் ஆப்பைத் தட்டிவிடுவான். குபீரென்று கொட்டும். சீமாட்டிகள் மயங்குவார்கள். கனவான்கள் பயந்து நடுங்கியவர்கள் மாதிரி “ஆஹா, உன்னதம்!” என்று முனகிவிட்டு நேரே சாப்பாட்டுக்கு வருவார்கள். பயந்தவனுக்கு எங்கேயாவது இப்படிப் பசிக்குமா? பரிமாறுகிறவன் நான், எனக்குத் தெரியாதா!

உன்னதம் என்றால் என்ன என்று மெல்கியோர் ஒருமுறை கேட்டான். வசதியானவர்களுக்கு வரும் ஒரு காய்ச்சல் என்று சொல்லிவைத்தேன்.

அந்த ஆகஸ்டில் ஹோல்ட்ஸ் என்று ஒரு பேராசிரியர் மனைவியோடு வந்தார். விடுதி மாடியில் எல்லோரையும் கூட்டி ஒரு மணி நேரம் அறுத்தார். பயங்கரம் கண்ணெதிரே நிற்க வேண்டுமாம், நம்மேல் மட்டும் படக் கூடாதாம், அதுதான் உன்னதமாம். நான் கொண்டுபோன காபி ஆறியே போயிற்று. பிறகு துர்ரர் துணியை ஆட்டினார்.

ஆப்பைத் தட்டிய பிறகுதான் மெல்கியோர் கீழே பார்த்திருக்கிறான். அருவி விழும் பாறைகளுக்கு நடுவே அவன் மனைவி திரினி, ஓடிப்போன ஆட்டை இழுத்துக்கொண்டிருந்தாள். கத்தினாலும் கேட்காத தூரம். சரிந்த பலகைக்கு முதுகைக் கொடுத்து, பாறையில் காலை உதைத்து நின்றுவிட்டான். பாழாய்ப்போன ஆடு நகரவில்லை. அவளும் கயிற்றை விடவில்லை. மாடியில் எனக்கு உயிரே இல்லை. ஒருவழியாக அவள் கரையேறினாள்.

விருந்தினர் பார்த்தது ஒரு வாளித் தண்ணீர்தான்.

தோள் கிழிந்து, தொப்பலாக நனைந்து இறங்கிவந்த மெல்கியோர், திரினியைக் கட்டிக்கொண்டு ஓவென்று அழுதான். உடனே மேலே போய் மறுபடி திறக்கச் சொன்னார் துர்ரர். முடியாது என்று தலையசைத்தான். பேராசிரியர் மூக்குக்கண்ணாடியைத் தூக்கி அவனைப் பார்த்துவிட்டு ஏதோ சொன்னார்; எல்லோரும் தலையாட்டினார்கள்.

“என்னடா சொல்றாரு?” என்று மெல்கியோர் என்னைக் கேட்டான்.

“உனக்கு வந்தது உன்னதம் இல்லையாம். வெறும் பயமாம்.”

அவன் திரினியின் கையை விடவே இல்லை.

“அவரு வீட்டம்மா அப்ப எங்க நின்னாங்க?”

“மாடியில, குடை பிடிச்சுக்கிட்டு,” என்றேன்.