மூடிய குவியல்

வானம் கறுத்தால் என் மாமியார் கங்கையம்மாள் கை வேலையைப் போட்டுவிட்டு எழுந்து ஓடுவார். நான் மருமகளாக வந்த நாளிலிருந்து பார்க்கிறேன். பெரும்பாக்கம் குடியிருப்புக்கு மாறிய பிறகும் அப்படித்தான். மாடியில் காய்கிற துணி யாருடையது என்று பார்ப்பதில்லை. எல்லாவற்றையும் வாரிக்கொண்டு வந்து படிக்கட்டில் போடுவார். போன வாரம்கூட எதிர்வீட்டு பிளஸ்ஸி, "இன்னா ஆயா, ஈரத்தோட எடுத்துகினு வந்துட்ட? உன்னை யாரு கேட்டா?" என்று கத்தினாள்.

முன்பு கோவளம் பக்கத்து உப்பளத்தில் நாங்கள் இருவரும் வேலை செய்தோம். அவர் பாத்தியில் உப்பு வாருவார். நான் கூடையில் சுமந்துபோய்க் கரையில் கொட்டுவேன். மழை வந்தால் அங்கே யாரும் யாரையும் கேட்பதில்லை. யார் குவியலாக இருந்தாலும் ஓடிப்போய்க் கீற்று போட்டு மூடுவோம். ஓடி வராதவளுக்கு மறுநாள் தலையில் கூடை தூக்கிவிட ஆள் வராது.

பிறகு குத்தகை ஒரு கம்பெனிக்குப் போனது. ஜெர்சன் சார் சூப்பர்வைசராக வந்தார். இயந்திரம் வரப்போகிறது, பாதிப் பெண்களைத்தான் வைத்துக்கொள்வார்கள் என்று பேச்சு. மாமியாருக்கு வேறு வேலை தெரியாது. அந்தப் பாதியில் தன்னையும் வைத்துக்கொண்டால் ஆடியில் அம்மனுக்குக் கூழ் ஊற்றுவதாக நேர்ந்துகொண்டார்.

சித்திரையில் ஒரு மதியம் கிழக்கே மேகம் திரண்டது. பெரிய குவியல் திறந்து கிடந்தது.

"இன்னாங்கடி பாத்துகினு நிக்கிறீங்க? கீத்தை எடுங்கடி!" என்று மாமியார் கத்தினார்.

மூடி முடித்ததும் மழை பிடித்துக்கொண்டது. அவர் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, சார் வரும் வழியில் முன்னால் போய் நின்றார்.

"யாரு மூடச் சொன்னது?" என்றார் சார்.

"யாரு சொல்லணும் சார்? கரைஞ்சிடுமில்ல."

"கொஞ்சம் கரையட்டும்னுதான் திறந்து வெச்சேன். மேல இருக்கிற கசப்பு மழையில கழுவிப் போகணும். இது ஃபேக்டரிக்குப் போற உப்பு, சாப்பிடற உப்பு இல்ல."

"துன்னாத உப்புன்னு ஒண்ணு கீதா சார்?"

பின்னால் யாரோ சிரித்தார்கள். சார் சிரிக்கவில்லை. அதைப் பார்த்த பிறகுதான் மாமியாருக்கு உறைத்தது. "நானே பிரிச்சுடறேன் சார்" என்று குவியல்மேல் ஏறிக் கீற்றுகளை இழுத்தார். பாதி பிரிப்பதற்குள் மழை நின்றுவிட்டது.

"எனக்குக் கேட்டுச் செய்யறவங்க போதும். நீங்க நாளைலேருந்து வர வேணாம்."

அன்றிலிருந்து எதையும் கேட்டுக் கேட்டே செய்த எங்களையும், இயந்திரம் வந்து இறங்கியதும் அனுப்பிவிட்டார்கள்.

இப்போது அங்கே உப்பு வாருவது இயந்திரம்தான். மாமியார் கீழ்க்கட்டளையில் ஒரு அபார்ட்மெண்டில் பெருக்கித் துடைக்கிறார். மொட்டை மாடிப் பக்கம் போகக்கூடாது என்று அங்கே அவரிடம் சொல்லி வைத்திருக்கிறார்கள்.