தள்ளி நின்ற ‘யா’

உத்திரமேரூர் பேருந்து நிலையத்துக்கு எதிரே இருக்கும் ஜெராக்ஸ் கடையில் டைப் அடிப்பதுதான் என் வேலை. பட்டா மாற்றம், முதியோர் உதவித்தொகை, யாருடைய மனுவானாலும் பிழையில்லாமல் அடித்துக் கொடுப்பேன். எங்கள் வீட்டுக்கென்று ஒரே ஒரு வரி அடித்தேன், அதில்தான் தப்பு செய்தேன்.

என் தங்கை பிளஸ் டூ முடித்திருந்தாள். நர்சிங் படிக்கத் தாராளமாக இடம் கிடைக்கும் மதிப்பெண். இருளர் என்று சாதிச் சான்றிதழ் ஒன்று வேண்டும், அவ்வளவுதான். அந்த ஒன்றுதான் எங்கள் குடியிருப்பில் யாரிடமும் இல்லை. சாலவாக்கம் பக்கம் ஏரிக்கரை ஓரமாக இருக்கும் எங்கள் வீடுகள் இருளர் வீடுகள் என்று ஊருக்கே தெரியும், காகிதத்துக்கு மட்டும் தெரியாது. அப்பாவிடம் இல்லாததால் மூத்தவளான எனக்குக் கிடைக்கவில்லை, நான் பன்னிரண்டாவதோடு நின்றேன். இவளாவது போகட்டும் என்று மாதக்கணக்கில் கோட்டாட்சியர் ஆபீஸ் படி ஏறி இறங்கினேன். விசாரணைக்கு வந்த ஒருவர், இருளர் என்றால் பாம்பு பிடிப்பார்களே, உனக்குத் தெரியுமா என்று அவளைக் கேட்டார். அவளுக்குப் பல்லியைக் கண்டாலே ஆகாது. தெரியாது என்றாள். அதையும் எழுதிக்கொண்டு போனார்.

எங்கள் பிள்ளைகளுக்குச் சனிக்கிழமை பாடம் எடுக்க வரும் டீச்சர் ஒருவர்தான் ஹேஷ்டேக் யோசனையைச் சொன்னார். சொற்களை இடைவெளி விடாமல் ஒட்டி அடித்தால் நீல நிறமாகும், அதைத் தொட்டால் அதே வரியைப் போட்ட எல்லோரும் வரிசையாக வருவார்கள், நூறு பேர் போட்டால் ஆபீஸ் காதில் விழும் என்றார். ‘நாங்கள் இருளர் இல்லையா’ என்று கேட்பதாக முடிவாயிற்று.

போனில் நான்தான் அடித்தேன். ஒவ்வொரு சொல்லுக்குப் பிறகும் போன் தானாகவே இடம் விட்டது. நான் அழித்து அழித்து ஒட்டினேன். கடைசியில் ‘இல்லை’ என்பதைப் போனே எடுத்துக் கொடுத்தது. அதன் பின்னால் விழுந்த இடைவெளியைப் பார்க்காமல் ‘யா’ அடித்தேன். பள்ளிச் சீருடையில் தங்கை நிற்கும் படத்தோடு அது போய்விட்டது.

#நாங்கள்இருளர்இல்லை யா

நீலத்தில் ‘நாங்கள் இருளர் இல்லை’. கறுப்பில், தனியாக ஒரு ‘யா’.

முன்பின் தெரியாதவர்களெல்லாம் நீலத்தை மட்டும் எடுத்துப் பகிர்ந்தார்கள். கும்பிடும் கை, அழுகிற முகம், சிவப்பு இதயம், கூடவே நாங்கள் இருளர் இல்லை. அடக் கடவுளே என்று திருத்திப் போட்டோம். திருத்தியதை எங்கள் குடியிருப்புக்காரர்கள் மட்டும் பகிர்ந்தார்கள். நல்ல மனசோடு செய்தவர்களிடம் போய் என்ன சண்டை போடுவது? அந்த வாரம் முழுக்கப் போனைத் தொடவே எனக்குப் பிடிக்கவில்லை.

ஆபீஸ் காதில் விழத்தான் விழுந்தது. கூப்பிட்டு அனுப்பினார்கள். மேசைமேல் அந்தப் பதிவைப் பிரிண்ட் எடுத்து வைத்திருந்தார் அதிகாரி.

“சார், அது கேள்வி சார். ‘யா’ தள்ளிக் கீது, பாருங்க” என்றாள் தங்கை, விரலை வைத்துக் காட்டி.

அவர் கெட்டவர் இல்லை. எங்களைப் போலவே அலுத்துப்போனவராகத் தெரிந்தார். இத்தனை பேர் இல்லை என்று போட்டிருக்கும்போது தான் ஆம் என்று கையெழுத்துப் போட்டால் நாளைக்கு யார் பதில் சொல்வது என்று கேட்டார். விளக்கம் எழுதிக் கொடுத்தால் மேலே அனுப்புவதாகச் சொன்னார்.

விளக்கத்தையும் நான்தான் அடித்தேன். ஓர் எழுத்து ஏன் தள்ளிப் போனது என்று ஒரு முழுப் பக்கம். மூன்று தடவை படித்துப் பார்த்தேன், ஒரு பிழை இல்லை. அது மேலே போய்த் திரும்புவதற்குள் நர்சிங் கலந்தாய்வு முடிந்துவிட்டது.

தங்கை என்னை நாலு வார்த்தை திட்டியிருந்தால் தேவலை. இரண்டு நாள் சுருண்டு படுத்திருந்தாள். பிறகு ஒரகடம் பக்கம் ஒரு கம்பெனியில் பேக்கிங் வேலைக்குச் சேர்ந்துவிட்டாள். காலையில் வேன் வந்து ஏற்றிக்கொண்டு போகும்.

முதல் நாள் வேலை முடிந்து வந்தவளிடம் எப்படி இருந்தது என்று கேட்டேன். பரவாயில்லை என்றாள். வேனில் பக்கத்தில் உட்கார்ந்திருந்த பெண் எந்த ஊர், ஊரில் எந்தப் பக்கம் என்று விசாரித்தாளாம். இவளும் ஏரிக்கரை என்று சொல்லியிருக்கிறாள். அந்தப் பெண் மடியிலிருந்த சாப்பாட்டுப் பையை எடுத்துக்கொண்டு பின் சீட்டுக்குப் போய்விட்டாளாம்.

தங்கை முகத்தைத் துடைத்துக்கொண்டே சொன்னாள்:

“அங்க யாரும் சர்ட்டிபிகேட் கேக்கலக்கா. சொன்ன உடனே நம்பிட்டாங்க.”