அந்த ஒன்றை மட்டும் எடுக்க முடியாது

ராஜபாளையத்திலிருந்து ஸ்ரீவில்லிபுத்தூர் போகிற சாலையில் ஒரு எடைமேடை இருக்கிறது. பஞ்சுப் பொதியோ தேங்காயோ செங்கல்லோ, லோடு ஏற்றிய லாரிகள் அதன் மேல் ஏறி நின்று எடை போட்டுக்கொண்டு போகும். பக்கத்தில் தகரக் கூரை போட்ட சின்ன அறை. அதில் உட்கார்ந்து எடைச் சீட்டு அடித்துக் கொடுப்பவர் அய்யூப்.

வயது ஐம்பதைத் தொடப்போகிறது. அதிர்ந்து பேசமாட்டார். அவர் இருபத்திரண்டு வருடம் லாரி ஓட்டியவர் என்று புதிதாக வரும் டிரைவர்களுக்குத் தெரியாது. சில சமயம் யாராவது வண்டியை மேடையில் கோணலாக ஏற்றிவிட்டுத் திணறும்போது, "ஸ்டீரிங்க இடப்பக்கம் அரைத் திருப்பு ஒடிச்சு விடுப்பா" என்று ஜன்னல் வழியாகச் சொல்வார். "இறங்கி வந்து நீங்களே எடுத்து விடுங்க பாய்" என்று யாராவது சாவியை நீட்டினால், கையை மடியில் வைத்துக்கொண்டு, வேண்டாம் என்று தலையை ஆட்டுவார். ஐந்து வருடமாக அவர் ஸ்டீரிங்கைத் தொட்டதில்லை.

லாரி வராத நேரத்தில் செல்போனில் ஒரு விளையாட்டு ஆடுவார். அதுவும் லாரி ஓட்டுகிற விளையாட்டுதான். ஓர் ஊரில் சரக்கு ஏற்றி இன்னோர் ஊரில் இறக்க வேண்டும். சிக்னலில் நிற்க வேண்டும், ஊருக்குள் வேகத்தைக் குறைக்க வேண்டும், மழையில் வைப்பர் போட வேண்டும். சும்மா ஆடிப் பார்ப்போம் என்று தொடங்கியவர், நான்கு வருடத்தில் ஒரு லட்சத்து எண்பதாயிரம் கிலோமீட்டருக்கு மேல் ஓட்டிவிட்டார். ஓட்டியதையெல்லாம் கணக்கு வைத்துக் காட்ட அதில் ஒரு பக்கம் உண்டு. அதில் விபத்து என்ற வரிக்கு நேரே எப்போதும் பூஜ்யம் இருக்கும். தினமும் வேலை முடிந்து சட்டை மாற்றுவதற்கு முன்னால் அந்தப் பக்கத்தை ஒரு தடவை திறந்து பார்த்துவிட்டுத்தான் போனைப் பையில் போடுவார்.

அந்தப் பூஜ்யம் நியாயமாக வந்ததல்ல. எங்கேயாவது இடித்துவிட்டால், விளையாட்டு அதைப் பதிந்துகொள்வதற்குள் சட்டென்று மூடிவிடுவார். மறுபடி திறந்தால், இடிப்பதற்கு முன்னால் சேமித்திருந்த இடத்திலிருந்து வண்டி கிளம்பும். இப்படி எத்தனை தடவை செய்திருப்பார் என்று அவருக்கே தெரியாது.

போன ஆடி மாதம் ஒரு நாள் மத்தியானம், விளையாட்டில் ஒரு காரின் பின்பக்கத்தில் இடித்துவிட்டார். வழக்கம்போல மூடப் பார்த்தார். போன் அசையவில்லை. படம் அப்படியே உறைந்து நின்றது. அணைத்துப் போட்டுத் திறந்தபோது விபத்து என்ற வரிக்கு நேரே ஒன்று என்று இருந்தது.

வெளியே ஒரு செங்கல் லாரிக்காரர் ஹாரன் அடித்துக்கொண்டே இருந்தார். அய்யூப்பின் காதில் அது விழவில்லை. அந்தப் பக்கத்தை மூடி மூடித் திறந்தார். விளையாட்டுக்குப் போய் இப்படி ஆகிறதே என்று அவருக்கே வெட்கமாக இருந்தது. ஆனாலும் மறுபடி திறந்து பார்த்தார்.

அன்று சாயங்காலம் வீட்டுக்குப் போனதும் விளையாட்டைப் போனிலிருந்து எடுத்துவிட்டு, மறுபடி புதிதாக ஏற்றினார். எல்லாம் பூஜ்யத்திலிருந்து தொடங்கும் என்று நினைத்தார். அது ஒரு நிமிடம் சுற்றிக்கொண்டிருந்துவிட்டு, அவருடைய லாரியை, கிலோமீட்டரை, அந்த ஒன்றை எல்லாம் அப்படியே கொண்டுவந்து நிறுத்தியது.

ஐந்து வருடத்துக்கு முன்னால் நடந்ததை இங்கே சொல்லிவிட வேண்டும். கூமாப்பட்டியில் தேங்காய் லோடு ஏற்றிக்கொண்டு வத்திராயிருப்பு பக்கமாக அய்யூப் வந்துகொண்டிருந்தார். பங்குனி மாதம், பொழுது சாய்கிற நேரம். தோப்புப் பாதையிலிருந்து ஒரு மொபெட் விளக்கில்லாமல் சாலையில் ஏறியது. ஓட்டி வந்தது பாண்டிச்செல்வம் என்ற இருபத்து மூன்று வயது கூமாப்பட்டிப் பிள்ளை. ஆம்புலன்ஸ் வருகிற வரைக்கும் பத்து நிமிடம் ரோட்டோரத்தில் அவன் தலையை மடியில் வைத்துக்கொண்டு அய்யூப் உட்கார்ந்திருந்தார். ஆஸ்பத்திரிக்குப் போகிற வழியிலேயே உயிர் போய்விட்டது.

ஸ்ரீவில்லிபுத்தூர் கோர்ட்டில் மூன்று வருடம் கேஸ் நடந்தது. கேட்டதற்கு மட்டும் பதில் சொல்லுங்கள் என்று வக்கீல் சொல்லியிருந்தார். மொபெட்டில் விளக்கு எரியவில்லை, லாரி வேகமாக வரவில்லை. இரண்டுமே உண்மை. அய்யூப் விடுதலை ஆனார்.

ஒன்றை மட்டும் யாரும் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. மொபெட் சாலையில் ஏறிய அந்த நொடி அய்யூப்பின் கண் சாலையில் இல்லை. ஸ்டீரிங்குக்குப் பக்கத்தில் வைத்திருந்த போன் அடித்தது. கூப்பிட்டது அவர் மனைவி ஷமீமா. கட் பண்ணுவதற்காகக் குனிந்தார். கண் இமைக்கிற நேரம்தான். அந்த நேரம் கையில் இருந்திருந்தால் பிரேக் பிடித்திருக்கலாம், பிடித்தும் இடித்திருக்கலாம். அதை நினைத்து நினைத்து அவருக்கு முடிவு தெரிந்ததே இல்லை.

விளையாட்டை மறுபடி ஏற்றிப் பார்த்த மறுநாள், அரை நாள் லீவு சொல்லிவிட்டு ஸ்ரீவில்லிபுத்தூர் போனார். பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் அசீனா என்கிற பெண் செல்போன் சர்வீஸ் கடை வைத்திருந்தாள். தெரிந்தவர்கள் இருக்கிற ராஜபாளையத்தில் இதைக் காட்ட அவருக்கு மனமில்லை.

அசீனா போனை வாங்கிப் பார்த்தாள். "ஆப்ப எடுத்தா ஆப் மட்டும்தாண்ணே போகும். நீங்க ஆடுனதெல்லாம் உங்க மெயில் கணக்குல போய் உக்காந்திருக்கு. திரும்ப ஏத்துனா அங்கருந்து வந்துரும்."

"இந்த ஒண்ண மட்டும் எடுக்கணும்மா."

"எந்த ஒண்ண?"

அவர் விரலால் தொட்டுக் காட்டினார். அசீனா அவர் முகத்தை நிமிர்ந்து பார்த்தாள். சிரிப்பு வருகிற விஷயம்தான், ஆனால் அவள் சிரிக்கவில்லை.

"அத மட்டும் எடுக்க முடியாதுண்ணே. அழிச்சா எல்லாத்தையும் அழிக்கணும். போன்லயும் அழிச்சு, கணக்குலயும் அழிக்கணும். அழிச்ச பொறவு யாராலயும் கொண்டுவர முடியாது. அழிச்சிரவா?"

"செத்த நேரம் இரும்மா" என்றார். போனை வாங்கிக்கொண்டு வெளியே வந்தார்.

டீ குடிக்கலாம் என்றுதான் பஸ் ஸ்டாண்டுக்குள் போனார். கூமாப்பட்டி பஸ் கிளம்புவதற்கு உறுமிக்கொண்டு நின்றது. இந்த ஐந்து வருடத்தில் அந்தப் பெயர் எழுதிய பஸ்ஸைப் பார்த்தால் முகத்தைத் திருப்பிக்கொண்டு போவார். அன்று ஏறி உட்கார்ந்துவிட்டார். கிருஷ்ணன்கோவில் தாண்டி, வத்திராயிருப்பு தாண்டி, அந்தத் தோப்புப் பாதை வந்தபோது கம்பியை இறுக்கிப் பிடித்துக்கொண்டு, கண்ணை மூடாமல் பார்த்தார். அங்கே ஒன்றுமே இல்லை. இரண்டு ஆடு மேய்ந்துகொண்டிருந்தது.

பாண்டிச்செல்வத்தின் அம்மா கருத்தம்மாளைக் கோர்ட்டு வராந்தாவில் அவர் பல தடவை பார்த்திருக்கிறார். ஒரு தடவைகூட நேருக்கு நேர் பார்த்ததில்லை. வீட்டை விசாரித்துக்கொண்டு போய்ச் சேர்ந்தபோது, அந்த அம்மா தொழுவத்தில் மாட்டுக்குத் தண்ணீர் காட்டிக்கொண்டிருந்தார். நிமிர்ந்தவுடனே அடையாளம் தெரிந்துவிட்டது. வாளியைக் கீழே வைக்கவில்லை.

"எதுக்கு வந்தீங்க?"

அய்யூப் நின்றபடியே சொன்னார். "கோர்ட்டுல சொல்லாத ஒண்ணு இருக்குதும்மா. அன்னைக்கு நான் போனப் பாத்தேன். போன் அடிச்சது, குனிஞ்சு பாத்தேன். நிமுந்தா தம்பி முன்னால நிக்கான்."

மாடு வாளிக்குள் தலையை விட்டு உறிஞ்சுகிற சத்தம் மட்டும் கேட்டது.

"ஏன் அப்பவே சொல்லல?"

"பயந்துட்டேன்."

"இப்ப மட்டும் எதுக்குச் சொல்லுதே? சொன்னா அவன் எந்திரிச்சு வந்துருவானா?"

அடிப்பார், ஆட்களைக் கூப்பிடுவார் என்று எதிர்பார்த்தே அய்யூப் வந்திருந்தார். அந்த அம்மா வாளியை எடுத்துக் கவிழ்த்து வைத்தார். ஈரக் கையைச் சேலையில் துடைத்தார். பிறகு வேறு ஒன்றைக் கேட்டார். குரல் மாறியிருந்தது.

"அவன் கடைசியா ஏதாச்சும் பேசுனானா? ஆசுபத்திரியில கேட்டேன், போலீஸ்ல கேட்டேன். ஒருத்தருக்கும் தெரியல. நீதான அவன் பக்கத்துல இருந்தே."

அய்யூப்புக்கு அப்போதுதான் உறைத்தது. அந்தப் பத்து நிமிடமும் அவரிடம் மட்டுமே இருக்கிறது. அதை அவர் தன்னுடைய தண்டனையாக மட்டும் வைத்திருந்தார். அது இன்னொருவருக்குச் சேர வேண்டியது என்று தோன்றவே இல்லை.

"பேசுனாம்மா. வலிக்குதுன்னு சொல்லல. தண்ணி கேட்டான், துண்ட நனைச்சுக் குடுத்தேன். பைக்குள்ள மாட்டு மருந்து இருக்கு, பாட்டில் ஒடஞ்சிருச்சான்னு பாருங்கண்ணேன்னான். பாத்தேன். ஒடையல. ஒடையலப்பான்னு சொன்னேன். அப்ப சரின்னான். அம்மா பாத்துக்கிட்டே இருக்கும், சீக்கிரம் குடுக்கணும்னான். பொறவு பேச்சு இல்ல."

கருத்தம்மாள் தொழுவத்துத் தூணைப் பிடித்துக்கொண்டு மெல்லக் கீழே உட்கார்ந்தார்.

"நாந்தான் அனுப்புனேன்" என்றார். "மாடு கன்னு போட்டு நஞ்சுக்கொடி விழாமக் கெடந்துச்சு. காலையில போறேன்னான். இப்பவே போலேன்னு நாந்தான் வெரட்டி விட்டேன். லைட்டு எரியலன்னு சொன்னான். வெளிச்சம் இருக்கும்போதே வந்துரலாம் போடான்னேன். என்னயத் திட்டிக்கிட்டே செத்திருப்பான்னு நெனச்சேன்யா. இம்புட்டு நாளும் அதத்தான் நெனச்சேன்."

"திட்டலம்மா. ஒரு வார்த்தை திட்டல."

கருத்தம்மாள் இன்னொரு தடவை சொல்லச் சொன்னார்; அய்யூப் சொன்னார். பாட்டில் உடைந்ததா என்று கேட்ட இடத்தை மட்டும் அந்த அம்மா மூன்றாவது தடவையும் சொல்லச் சொன்னார். அப்புறம் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு அழுதார். அய்யூப் பக்கத்தில் போகவில்லை. நின்ற இடத்திலேயே நின்றார்.

அழுகை அடங்கியதும் அந்த அம்மா அவரைப் பார்க்காமலே, "சரி, போ" என்றார். போயிட்டு வா என்று சொல்லவில்லை. அப்படிச் சொல்வார் என்று அய்யூப்பும் எதிர்பார்க்கவில்லை.

வீட்டுக்கு வரும்போது விளக்கு வைக்கிற நேரம். ஷமீமா தையல் மிஷினில் உட்கார்ந்து நைட்டிக்குக் கழுத்துப் பட்டி அடித்துக்கொண்டிருந்தாள். தளவாய்புரத்திலிருந்து வெட்டிய துணியை வாங்கிவந்து தைத்துக் கொடுக்கிற வேலை அவளுக்கு. அவர் பக்கத்தில் ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். கூமாப்பட்டி போனதைச் சொன்னார். போனைக் குனிந்து பார்த்ததைச் சொன்னார்.

மிஷின் நின்றது.

யார் கூப்பிட்டது என்று கேட்டால் லாரி ஓனர் என்று சொல்லிவிடலாம் என்று வழியெல்லாம் யோசித்து வைத்திருந்தார். அவள் கேட்கவில்லை.

"ஆறு நாப்பத்தேழுக்கு" என்றாள். "வரும்போது அரை கிலோ ரவை வாங்கிட்டு வாங்கன்னு சொல்லக் கூப்புட்டேன். போலீஸ் எழுதிக் குடுத்த தாள்ல இடிச்ச நேரமும் அதேதான் போட்டிருந்துச்சு. வக்கீலு வாசிச்ச அன்னைக்கே எனக்குத் தெரியும்."

"பின்ன ஏம்ள சொல்லல?"

"நீங்க சொல்லலையே. நீங்க எனக்காகத்தான் சொல்லாம இருக்கீங்கன்னு தெரிஞ்சுச்சு. நான் எப்படிச் சொல்ல?" அவள் துணியை மடியில் வைத்து நீவிக்கொண்டே இருந்தாள். "அன்னைலருந்து யாருக்காச்சும் போன் போடணும்னா கை வர மாட்டேங்குது. வண்டியில இருக்கீங்களான்னு கேட்டுட்டுத்தான் பேசுதேன்."

அவள் அப்படிக் கேட்பதை அய்யூப் ஆயிரம் தடவை கேட்டிருக்கிறார். ஏன் என்று ஒருநாளும் யோசித்ததில்லை. அவள் கையைப் பிடித்துக்கொண்டார்.

இரண்டு நாள் கழித்து அசீனாவின் கடைக்குப் போனார்.

"எல்லாத்தையும் அழிச்சிரும்மா."

"யோசிச்சுக்கிட்டீங்களா? நாலு வருசம் ஆடுனதுண்ணே."

"யோசிச்சிட்டேன்."

அசீனா செட்டிங்ஸுக்குள் போய் விளையாட்டின் பெயரைத் தேடி, அதன் சேமிப்பைத் திறந்து, அதை முதலில் துடைத்தாள். பிறகு மெயில் கணக்குக்குள் போய், அங்கே சேர்ந்து கிடந்ததைக் காட்டினாள். நிரந்தரமாக அழிக்கவா என்று போன் கேட்டது.

"இத நீங்களே அமுக்குங்க" என்று திருப்பிக் கொடுத்தாள்.

அவர் உடனே அமுக்கவில்லை. கூட்டிக் கழித்துப் பார்த்தால் அவ்வளவு தூரத்தையும் ஓட்டியது அந்த ஒரு நொடியைத் தாண்டிப் போகத்தான் என்று அப்போது அவருக்குத் தெரிந்தது. தாண்டவும் இல்லை. ஒவ்வொரு தடவையும் மூடித் திறந்து அதற்கு முன்னாலேயே வந்து நின்றிருக்கிறார். கட்டை விரலை வைத்து அமுக்கினார். ஒரு வட்டம் சுற்றியது, நின்றது.

அசீனா சோதித்துப் பார்ப்பதற்காக விளையாட்டை மறுபடி ஏற்றித் திறந்தாள். பெயர் என்ன என்று அவரிடமே கேட்டது அது.

"அதையும் எடுத்திரும்மா, போதும்" என்றார்.

ஒரு மாதம் போயிருக்கும். ஒரு செவ்வாய்க்கிழமை ஷமீமா துணி வாங்கத் தளவாய்புரம் போகிறேன் என்று காலையில் கிளம்பியவள், பொழுது சாய்ந்துதான் திரும்பினாள். செருப்பெல்லாம் புழுதி. முகம் கழுவிவிட்டு வந்து, அடுப்பைப் பற்றவைத்துக்கொண்டே சொன்னாள்:

"கூமாப்பட்டி போயிருந்தேன்."

அய்யூப் தலை நிமிர்ந்தார்.

"போன் போட்டது நாந்தான்னு அவியகிட்டச் சொன்னேன். பொறவு உள்ள போய் ஒரு சொம்பு மோர் கொண்டாந்து வச்சாவ. உங்களப் பத்தி ஒரு வார்த்தை கேக்கல."

"நீ குடிச்சியா?"

"குடிச்சேன்" என்றாள் ஷமீமா.

உலை கொதிக்க ஆரம்பித்திருந்தது. அவள் அரிசியைக் களைந்து போட்டாள்.