காக்கா கட்டின வீடு

அடுத்த வீட்டு இர்ஷானா எங்கள் வாசலில் வந்து நின்றாலே எனக்குப் பக்கென்றிருக்கும். பள்ளிக்கூடத்தில் படிப்பிக்கிறவள். மிச்ச நேரத்தில் கொழும்புத் தொலைக்காட்சிக்கு நாடகம் எழுதுகிறாள். முதல் நாடகம், படிக்கிற வயதில் மணப்பெண்ணாகிப்போன பிள்ளையைப் பற்றியது. அடுத்தது, வெளிநாட்டுக்கு வீட்டு வேலைக்குப் போன தாயைப் பற்றியது. காத்தான்குடியில் பாதிப் பேர் பார்த்து அழுதார்கள், மீதிப் பேர் அவளோடு கோபித்துக்கொண்டார்கள்.

சீனி கேட்டு வந்தவள் போல, ராத்தா என்று அக்கா முறை சொல்லிக்கொண்டு வருவாள். பிறகு மெல்லத் தொடங்குவாள்.

"ராத்தா, சண்டை வந்தா மச்சான் முதல்ல என்னத்தத் தூக்குவாரு?"

"ஒனக்கு வேற வேல இல்லியா கா? கொடியில கெடக்கிற சேட்டத்தான் தூக்குவாரு. தோள்ல போட்டுட்டு உம்மாட வூட்ட போவாரு."

பாவி, அதை அப்படியே நாடகத்தில் வைத்துவிட்டாள்! என் மனிசன் தெருவில் தலைகுனிந்து திரிந்தார்.

மூன்றாவது நாடகம் வீட்டைப் பற்றியது. எங்கள் ஊரில் வீடு பெண்ணுக்குத்தான். வாப்பாவோ, காக்கா என்கிற அண்ணனோ கட்டிக் கொடுக்க வேண்டும், மாப்பிள்ளை அங்கே வந்து குடியிருப்பார். இர்ஷானாவின் வீட்டைக் கட்டியது அவளுடைய நளீர் காக்கா, கட்டாரில் உழைத்த உழைப்பில். கட்டி முடிக்கும்போது அவருக்குக் கலியாண வயது போய்விட்டது. மனைவி இல்லாத ஆணுக்கு இங்கே வீடும் இல்லை. ஊர் திரும்பியவர் ஒரு புடைவைக் கடையின் பின்னறையில் படுத்துக்கொள்கிறார்.

தங்கச்சி வீட்டுக்கு வந்தால் வாசல் கேற்றில் நின்று கூப்பிடுவார். வெளியே கதிரையில் இருந்து தேநீர் குடித்துவிட்டுப் போய்விடுவார். அவர் ஏன் உள்ளே போவதில்லை என்று எனக்கு மண்டை வெடிக்கும். இர்ஷானாவிடம் கேட்டே விட்டேன்.

"அதத்தான் நானும் எழுதிப் பாக்கன் ராத்தா" என்றாள்.

நான் அவள் வீட்டில் இருக்கும்போதுதான் கொழும்பிலிருந்து இயக்குநர் போன் எடுத்தார். கடைசிப் பாகத்தில் கணவன் மனைவியை மழையில் வெளியே தள்ள வேண்டுமாம். இர்ஷானா சிரித்துவிட்டாள்.

"சேர், அது அவட வூடு. போறதெண்டா அவர்தான் போகோணும்."

"அப்ப கடைசியில அழுறது ஆரு?"

"காக்கா."

போனை வைத்ததும் அவள் முகம் வாடிவிட்டது. "காக்காக்கிட்டக் கேக்காம எழுதிட்டன் ராத்தா. கோவிச்சாரெண்டா மறுகா தேத்தண்ணி குடிக்கவும் வரமாட்டாரு."

கடைசிப் பாகத்தன்று தெருவே அவள் வீட்டு ஹோலில் கூடியிருந்தது. நளீர் காக்கா வழக்கம்போல வெளியே கதிரையில் இருந்து ஜன்னலால் பார்த்துக்கொண்டிருந்தார். நாடகத்தில் காக்கா பெட்டியோடு வந்து கேற்றில் நின்று கூப்பிடுகிறார். தங்கச்சி ஓடி வருகிறாள்.

"நீங்க கட்டின வூட்டுக்குள்ள வர ஆரட்டக் கேக்கிறீங்க காக்கா?"

நான் திரும்பிப் பார்த்தேன். கதிரை வெறுமையாக இருந்தது. இர்ஷானா எல்லோர் முன்னாலும் விம்மி அழுதாள். எனக்கும் தாங்கவில்லை.

மறுநாள் அவளுக்கு ஆறுதல் சொல்லலாமென்று போயிருந்தேன். கேற் திறக்கும் சத்தம் கேட்டது. யாரும் கூப்பிடவில்லை. நளீர் காக்கா கையில் பெட்டியோடு நேரே ஹோலுக்குள் வந்து நின்றார்.

"எந்த அறை எனக்கு?"

அவளுடைய கணவன் முத்தலிப் பாய்ந்து பெட்டியை வாங்கிக்கொண்டார். "நல்லாக் காத்து வாற அறைய எடுங்க மச்சான். நானும் மனிசிட வூட்டுலதான் இரிக்கன்."

ஊரெல்லாம் கேள்வி கேட்டுத் திரிகிறவள், காக்கா கேட்ட கேள்விக்கு ஓடிப்போய் எல்லா அறைக் கதவுகளையும் திறந்து வைத்தாள்.