அக்காவின் பாத்தி

எங்கள் வீட்டில் யாரும் தனக்காக வரகு விதைத்ததில்லை. பிள்ளை பிறந்தால் அதன் பேரில் ஒரு பிடி வரகை மண் கலயத்தில் போட்டு, வாயைக் களிமண்ணால் மூடி, மலையில் ஏற்றும் கார்த்திகை தீபத்தின் மையைப் பொட்டாக வைத்துப் பரணில் ஏற்றிவிடுவார்கள். பன்னிரண்டு வருஷம் கழித்து, ஆடி மாதத்தில், அந்தப் பிள்ளையே அதை எடுத்து விதைக்க வேண்டும். அதற்கென்று அடி அண்ணாமலையில் எங்கள் கொல்லையின் ஓரமாக, மலையைப் பார்த்தபடி ஒரு சாமி பாத்தி இருந்தது. விளைவது விதைத்தவருக்கு இல்லை. வீட்டில் அடுத்துப் பிறக்கும் பிள்ளையின் கலயத்துக்கு. முன்னால் வந்தவர் கொடுத்ததை விதைத்து, பின்னால் வரப்போகிறவருக்கு அறுக்க வேண்டும். நடுவில் நாம் சும்மா வேலையாள்தான்.

எனக்கு முன்னால் ஓர் அக்கா பிறந்து, தவழ்வதற்குள் போய்விட்டாள். அவள் கலயம் மட்டும் பரணிலேயே இருந்தது. எழுபதுகளின் கடைசியில், எனக்கு ஒன்பது வயதான ஆடியில், இருந்திருந்தால் அவளுக்குப் பன்னிரண்டு. அம்மா அப்போது நாலு மாதம்.

"இந்த வருஷம் அவ கலயத்த எறக்கணும்" என்றாள் அம்மா.

அப்பா பரணை அண்ணாந்து பார்த்தார். எங்களோடு இருந்த மாமா, அம்மாவின் தம்பி, டவுன் பஸ்ஸில் கண்டக்டர். அவர்தான் கேட்டார்: "பன்னண்டு வருஷத்து வெத. அதுவும் போன புள்ளைது. மொளைக்கலன்னா நீ தாங்குவியா?"

"மொளைக்கும். பொறக்கப் போறதுக்கு அவதான் குடுக்கணும்."

சொன்னாளே தவிர, அன்றிலிருந்து அவளுக்குச் சோறு இறங்கவில்லை. முளைக்காவிட்டால் வயிற்றில் இருப்பதும் தங்காது என்று பயந்துபோயிருந்தாள். யாரும் சொல்லாமலே எனக்கு அது தெரிந்துவிட்டது. என்னாலும் தாங்க முடியவில்லை.

மறுநாள் பள்ளிக்கூடம் விட்டதும் தேரடி வீதியில் விதை விற்கும் பாய் கடைக்குப் போய் நின்றேன். பாய் என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

"என்னா பாப்பா, ஒங்க வூட்ல ஆளாளுக்கு வந்து வெத வரகு கேக்கறீங்க?"

அவர் எல்லாரையும் கிண்டல் செய்கிற மனுஷர். நான் அதைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை. அவர் மடித்துக் கொடுத்த பொட்டலத்தைப் பைக்கட்டில் ஒளித்து வீட்டுக்கு ஓடிவந்தேன்.

விதைப்பதற்கு முந்தின நாளே கலயத்தைத் திறந்து விளக்கு மாடத்தில் வைப்பது வழக்கம். அம்மா மாட்டுக்குத் தண்ணீர் காட்டப் போன நேரத்தில் என் பொட்டலத்தை அதில் கொட்டினேன். ஒரு பிடிதான் இருக்கும் என்றார்கள், ஆனால் நான் கொட்டுவதற்கு முன்பே கலயம் பாதிக்கு மேல் நிறைந்திருந்தது. ஒன்பது வருஷத்தில் நானே இவ்வளவு வளர்ந்திருக்கிறேன், பன்னிரண்டு வருஷத்தில் தானியம் வளராதா என்று நினைத்துக்கொண்டேன்.

விடிந்ததும் அக்காவுக்குப் பதிலாக என்னை விதைக்கச் சொன்னார்கள். விதைக்கும்போது மற்றவர்கள் பார்க்கக்கூடாது. மூவரும் மலைப்பக்கம் திரும்பி நிற்க, நான் வாரி வாரி இறைத்தேன். கை வலித்ததே தவிரக் கலயம் காலியாகிற வழியாக இல்லை.

ஒரு வாரத்தில் முளைத்தது. முளைத்தது என்றால், நாற்றங்கால் மாதிரி, விரல் நுழைய இடமில்லாமல்.

"பாத்தியா, மொளைக்குமா மொளைக்குமான்னு கெடந்தியே!" என்று மாமா தேவைக்கு மேல் சத்தமாகச் சொன்னார். முதலில் சந்தேகம் கேட்டவரே அவர்தான் என்பது அவருக்கு மறந்துவிட்டது போலிருந்தது. அப்பாவுக்கு அந்த நேரம் பார்த்து வரப்பில் ஏதோ வேலை வந்துவிட்டது.

அம்மா பாத்தியைப் பார்த்தாள். அப்பாவை, மாமாவை, என்னை ஒவ்வொருவராகப் பார்த்தாள். வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். சிரித்துக்கொண்டே தரையில் உட்கார்ந்து அழுதாள்.

பேச்சை மாற்ற, "ரொம்ப நெருக்கம்மா, கதிர் புடிக்காது. பாதியப் புடுங்கிடட்டுமா?" என்று குனிந்தேன். அம்மா என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள்.

"வேணாம்மா. இதுல அவளுது எதுன்னு தெரியலையே."

அதன்பிறகு ஒரு பயிரைக்கூடப் பிடுங்க அவள் யாரையும் விடவில்லை. மாசமான வயிற்றோடு கிணற்றுக்கும் பாத்திக்கும் நடந்து எல்லாவற்றுக்கும் தண்ணீர் ஊற்றினாள். தீபம் முடிந்து அறுத்தபோது எல்லாம் சோனிக் கதிர். தூற்றிப் பார்த்ததில் தேறியது ஒரே ஒரு பிடி. தையில் தம்பி பிறந்தான். அந்தப் பிடி அவன் கலயத்துக்குப் போனது.

எனக்கு அதில் பெரிய வருத்தம். பாதியைப் பிடுங்க விட்டிருந்தால் ஒரு படியாவது கண்டிருக்கும். தம்பியின் தூளியை ஆட்டிக்கொண்டே, அம்மாவுக்கு விவசாயம் தெரியவில்லை என்றுதான் நினைத்தேன்.