வெட்டாத கிணற்றின் மெம்பர்

மல்லசமுத்திரத்துக்குத் தெற்கே வேலங்காட்டில் சரவணமுத்து என்று கேட்டால் நாலு பேரைக் காட்டுவார்கள். மெம்பர் என்று கேட்டால் ஒருவரைத்தான் காட்டுவார்கள். அவர் மெம்பராக இருந்தது மொத்தமே மூன்று வருஷம். ஊர் அவரை அப்படிக் கூப்பிட்டதோ அவர் சாகும்வரை. அந்தப் பெயர் காதில் விழும்போதெல்லாம் அவருக்கு நெஞ்சில் முள் தைத்தது. ஏன் என்று ஊரில் பாதிப் பேருக்குத் தெரியாது. தெரிந்தவர்கள், தீட்டு என்று ஊர் ஒதுக்கிவைத்த தெற்கு வளவுக் குடிசைகளில் இருந்தார்கள்.

அந்தக் காலத்தில் தாலுகாவுக்கு ஒரு போர்டு இருந்தது. சாலைக்கு மண் கொட்டுவது, சந்தை நடத்துவது, அம்மை குத்த ஆள் அனுப்புவது, பள்ளிக்கூடம், குடிதண்ணீர்க் கிணறு எல்லாம் அதன் பொறுப்பு. 1931-இல் இந்தப் பக்கத்துக்கு ஒரு மெம்பர் வேண்டும் என்று வந்தபோது, பண்ணையம் பார்க்கிறவர்கள் கோயிலில் கூடிப் பேசினார்கள். போட்டி என்று வந்தால் பங்காளிக்குள் வெட்டுக்குத்து ஆகிவிடும். அதனால் யாரோடும் பகையில்லாத ஆள் யார் என்று தேடி, சரவணமுத்துவைப் பிடித்தார்கள். பகையில்லாமல் இருப்பதற்காக அந்த மனிதர் தினமும் எத்தனை வார்த்தையை மென்று விழுங்கினார் என்று யாரும் கேட்கவில்லை. அவர் மனைவி பொன்னாத்தாளுக்கு மட்டும் தெரியும்.

"பூம்பூம் மாட்டாட்டம் எல்லாத்துக்கும் தலையாட்டறீங்க. அங்க போயும் அதையேதான் பண்ணப் போறீங்களா?" என்றாள் அவள். அவர் அதற்கும் தலையாட்டினார்.

அவர் மெம்பர் ஆன சேதி தெரிந்து முதலில் வந்தவள் தெற்கு வளவு மயிலம்மாள். களை வெட்டப் போகிறவள். வாசலுக்கு வெளியே, வேலியை ஒட்டி நின்றுகொண்டாள்.

"சாமி, நீங்க மெம்பரு ஆயிட்டீங்களாமா. மெம்பருன்னா கெணறு வெட்டிக் குடுப்பாங்கன்னு சந்தையில பேசிக்கறாங்க. எங்க வளவுக்கு ஒண்ணு வெட்டிக் குடுங்க சாமி. நின்னு நின்னு காலு மரத்துப் போவுதுங்க."

அவள் சொன்னதில் மிகையில்லை. தெற்கு வளவுக்காரர்கள் ஊர்க் கிணற்றில் கயிறு போடக் கூடாது. குடத்தை வைத்துவிட்டுத் தள்ளி நிற்க வேண்டும். ஊர்க்காரி யாராவது தன் குடங்களை எல்லாம் நிரப்பிவிட்டு, மனம் வந்தால் இவர்கள் குடத்தில் ஊற்றுவாள். மனம் வராத நாளும் உண்டு. வெயில் ஏறும்வரை நின்றுவிட்டுக் காட்டு வேலைக்கு நேரம் கழித்துப் போனால் அங்கே பண்ணையக்காரன் ஏசுவான். அந்தப் பண்ணையக்காரனின் பெண்டாட்டிதான் கிணற்றடியில் தாமதம் செய்தவளாக இருப்பாள். இதைப் பற்றி யாருக்கும் வெட்கம் இருந்ததாகத் தெரியவில்லை.

சரவணமுத்து கல்நெஞ்சக்காரர் அல்ல. உண்மையாகவே அவருக்கு மனசு இளகியது. போர்டுக் கூட்டத்துக்கு வண்டி கட்டிக்கொண்டு போய், இரண்டு வருஷம் வாய் திறக்காமல் உட்கார்ந்திருந்துவிட்டு, மூன்றாம் வருஷம் ஒரு ஐப்பசியில் எழுந்து நின்றார். "வேலங்காடு தெக்கு வளவுக்கு ஒரு கெணறு வேணுமுங்க" என்று மட்டும் சொன்னார். யாரும் மறுக்கவில்லை. தீர்மானம் நிறைவேறியது. இவ்வளவு சுலபமா என்று அவருக்கே ஆச்சரியம். அன்று வீட்டுக்கு வந்து இரண்டு உருண்டை களி அதிகமாகவே சாப்பிட்டார்.

போர்டு ஓவர்சீயர் வந்து வளவுக்குக் கிழக்கே இருந்த புறம்போக்கில் நாலு முளைக்குச்சி அடித்துவிட்டுப் போனார். மறுநாளே பங்காளி அருணகிரி வந்துவிட்டார். அந்தப் புறம்போக்கை ஒட்டித்தான் அவர் வெள்ளாமை செய்கிற காடு.

"அந்த எடத்துல தோண்டுனா எங்கெணத்து ஊத்து அத்துப் போயிருமுங்கண்ணா. அப்பறம் உங்க போர்டு வந்து என்ற வெள்ளாமைக்குத் தண்ணி கட்டுமுங்களா?"

ஊற்று எந்தத் திசையிலிருந்து வருகிறது என்று அருணகிரிக்கும் தெரியாது, சரவணமுத்துவுக்கும் தெரியாது. ஆனால் 'தீர்மானம் ஆயிடுச்சு, வெட்டத்தான் போறோம்' என்று சொல்ல வேண்டிய நேரம் அது. அவரோ, "அப்ப ஆத்தாகிட்டப் பூக் கேட்டுப் பாத்தரலாம்" என்றார். தன் தலையில் இருந்த சுமையை அம்மன் தலையில் இறக்கி வைத்தாயிற்று.

பூக் கேட்பது இந்தப் பக்கத்து வழக்கம். வெள்ளைப் பூவை ஒரு இலையிலும் செவ்வரளியை ஒரு இலையிலும் பொதிந்து அம்மன் காலடியில் போட்டு, ஒரு குழந்தையை விட்டு ஒன்றை எடுக்கச் சொல்வார்கள். வெள்ளை வந்தால் உத்தரவு உண்டு, சிவப்பு வந்தால் இல்லை. பெண் பார்ப்பது முதல் மாடு பிடிப்பது வரை எல்லாவற்றுக்கும் கேட்பார்கள். கார்த்திகை மாதம் ஒரு திங்கட்கிழமை ஊர் கூடியது. தெற்கு வளவுக்காரர்கள் கோயிலுக்கு வெளியே வெகுதூரத்தில் வேப்பமரத்தடியில் நின்றார்கள்.

குழந்தை எடுத்தது. பூசாரி பொதியைப் பிரித்தார். வெள்ளை.

வேப்பமரத்தடியில் குலவைச் சத்தம் கேட்டது. மயிலம்மாளின் குரல் தனியாகத் தெரிந்தது. சரவணமுத்துவுக்குக் கண் கலங்கிவிட்டது. அவர் வாழ்க்கையில் ஒரு நல்ல காரியம் செய்தவராக நின்றது அந்த ஒரு நிமிஷம்தான் என்று சொல்ல வேண்டும்.

அருணகிரி அலட்டிக்கொள்ளவில்லை. "கெணறு வெட்டலாமான்னுதானுங்களே கேட்டோம்? அந்த எடத்துலயான்னு கேக்கலையே. எடத்துக்குத் தனியாப் பூப் போடோணுமல்லங்க?"

பூசாரி யோசித்தார். ஒரே காரியத்துக்கு ஒரே நாளில் இரண்டு தரம் ஆத்தாளைத் தொந்தரவு செய்யக் கூடாது, மார்கழியில் கேட்க முடியாது, தை பிறக்கட்டும் என்றார். எல்லோரும் மெம்பர் முகத்தைப் பார்த்தார்கள். சர்க்கார் தீர்மானம் கையில் இருந்தது. சாமியின் உத்தரவும் வந்துவிட்டது. அதற்கு மேல் ஒரு மனிதனுக்கு என்ன வேண்டும்?

"செரி, தையில பாத்துக்கலாம்" என்றார் சரவணமுத்து.

தையில் பங்காளி வீட்டில் ஒரு சாவு விழுந்து தீட்டாகிவிட்டது. மாசியில் கோயில் நோன்பு. ஓவர்சீயர் இரண்டு தடவை சைக்கிளில் வந்தார். "இன்னும் ஆரம்பிக்கலைங்களா மெம்பர்? ஒரு நாலு ஆளை விட்டு மண்ணை எடுத்துப் போட்டாக்கூடப் போதும். மத்ததை நான் பாத்துக்கறேன்" என்றார். இவர் அவருக்கு மோர் கொடுத்து அனுப்பினார். முளைக்குச்சிகளில் இரண்டை யாரோ அடுப்பெரிக்கப் பிடுங்கிக்கொண்டு போனார்கள். மயிலம்மாள் வழியில் பார்க்கும்போதெல்லாம், "எப்பங்க சாமி?" என்பாள். "ஆவுது, ஆவுது" என்பார் இவர்.

1934-இல் தாலுகா போர்டுகளையே எடுத்துவிட்டார்கள். இனி ஜில்லா போர்டு போதும் என்று சட்டம் வந்துவிட்டது. சந்தையில் இதைக் கேட்டபோது சரவணமுத்துவுக்கு முதலில் வந்தது நிம்மதி. இதை அவரே பின்னாளில் பொன்னாத்தாளிடம் சொல்லி அழுதிருக்கிறார். இனி யாருக்கும் பதில் சொல்ல வேண்டாம் என்ற நிம்மதி அது. வீடு வந்து சேர்வதற்குள் அது போய், மயிலம்மாளுக்கு என்ன சொல்வது என்ற கவலை பிடித்துக்கொண்டது.

தீர்மானத்தின் நகலை மடியில் கட்டிக்கொண்டு பஸ் ஏறிச் சேலம் போனார். ஜில்லா போர்டு ஆபீசில் ஒரு வயதான குமாஸ்தா அவரை உட்கார வைத்துத் தண்ணீர் கொடுத்து, பொறுமையாகத்தான் பேசினார்.

"வேலை எதுவரைக்கும் வந்திருக்கு?"

"எடம் பாத்து முளை அடிச்சிருக்குதுங்க."

"மண் எடுத்தாச்சா?"

சரவணமுத்து இல்லையென்று தலையாட்டினார். குமாஸ்தா காகிதத்தை மடித்துத் திருப்பிக் கொடுத்தார். "ஒரு கூடை மண் எடுத்திருந்தாலும் நடக்கிற வேலைன்னு எழுதி வாங்கிடலாம். ஆரம்பிக்காத வேலைக்குப் புதுசா மனுப் போடணும். ஜில்லா பூரா மனு குவிஞ்சு கிடக்கு. உங்க ஊர் முறை வர எத்தனை வருஷமாகும்னு என்னால சொல்ல முடியாது."

ஒரு கூடை மண். பூக் கேட்ட கார்த்திகைத் திங்கட்கிழமை அன்றே கோயிலில் இருந்து நேராகப் போய் அவரே ஒரு மண்வெட்டியைப் போட்டிருக்கலாம். போட்டிருந்தால் அருணகிரி இரண்டு மாதம் பேசாமல் இருந்திருப்பார். அவ்வளவுதான். அந்த இரண்டு மாதக் கோபத்துக்குப் பயந்து ஒரு வளவின் தண்ணீரை விட்டுவிட்டார்.

திரும்பி வந்து மயிலம்மாளிடம் சொன்னார். போர்டு போய்விட்டது, கிணறும் போய்விட்டது என்று. அவள் ஏசியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். "அப்பிடிங்களா சாமி" என்று சொல்லிவிட்டுக் குடத்தைத் தூக்கிக்கொண்டு ஊர்க் கிணற்றுப் பக்கம் நடந்தாள். அவர் புது மனுப் போட்டார். அதற்குப் பிறகும் போட்டார். பதில் வரவில்லை. உறைக்குள் நகலையும் வைத்து அனுப்பியதால் கடைசியில் அந்தத் தீர்மானத்துக்கு அவரிடமே சாட்சி இல்லாமல் போயிற்று.

வருஷங்கள் போயின. உலகச் சண்டை வந்தது, அரிசி பங்கீட்டுக்குப் போனது, பொன்னாத்தாள் போய்ச் சேர்ந்தாள். நாற்பத்தேழாம் வருஷம் கோடையில் ஊர்க் கிணறு அடிமட்டத்துக்கு வந்துவிட்டது. ஊர்க்காரர்களுக்கே போதாத தண்ணீரைத் தெற்கு வளவுக்கு யார் ஊற்றுவார்கள்? ஒரு நாள் மத்தியானம் சரவணமுத்து தோட்டத்துக்குப் போகிற வழியில், மயிலம்மாளும் அவள் மருமகளும் காலிக் குடத்தோடு வெயிலில் திரும்பி வருவதைப் பார்த்தார். மயிலம்மாளுக்குத் தலை முழுக்க நரைத்துவிட்டது. மருமகள் நிறைமாதம்.

அவருக்கு என்னவோ ஆகிவிட்டது. யாரையும் கேட்கவில்லை, பங்காளியை நினைக்கவில்லை.

"மயிலு, இங்க வா. நம்ம தோட்டத்துக் கெணத்துல தண்ணி கெடக்குது. நீங்களே எறங்கி மொண்டுக்குங்க. வளவுல எல்லாருத்தையும் வரச் சொல்லு. எவன் என்ன சொன்னாலும் நான் பாத்துக்கறேன்."

மயிலம்மாள் நம்பாமல் அவரையே பார்த்தாள். பிறகு தோட்டத்துக்குள் வந்து கிணற்றை எட்டிப் பார்த்தாள். கல் படிகள், அடியில் தெளிந்த தண்ணீர். அவர் அப்பா காலத்தில் வெட்டிய கிணறு.

"இந்தக் கெணறு அன்னிக்கும் இங்கதானுங்களே சாமி இருந்துது?"

அவள் குத்திக் காட்டுவதற்காகச் சொல்லவில்லை. நிஜமாகவே தெரிந்துகொள்ளத்தான் கேட்டாள். பதிலுக்குக் காத்திருந்து பார்த்தாள். வராததால் சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு, மருமகளை மேலேயே நிற்கச் சொல்லிவிட்டு, ஒவ்வொரு படியாகக் கையை ஊன்றி இறங்கினாள். சரவணமுத்து வரப்பில் உட்கார்ந்துவிட்டார்.